ஒன்லைன் போனால் போகட்டும், சீனை எழுதி வையுங்கள்

சேலத்திலிருந்து ஒரு வாசகி ஒன்பது பக்கக் கடிதம் எழுதியிருக்கிறார். ஓர் அக்ரிமென்ட்டின் நகலையும் இணைத்திருக்கிறார். அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை நீக்கிச் சுருக்கமாகத் தருகிறேன்.

வயது 36. சேர்வராயன் மலையில் ஒரு கிராமத்தில் பிறந்தவர். அப்பா காப்பி எஸ்டேட்டில் கணக்கு எழுதியவர். இருபதுகளில் சென்னைக்குப் போய் மூன்று படங்களில் வசன உதவியாளராக வேலை பார்த்தார். காமெடிப் பகுதிகளில் பாதிக்கு மேல் இவர் எழுதியவை. இரண்டு படங்களில் டைட்டில் கார்டில் பெயர் வரவில்லை. அப்பாவுக்கு உடம்பு முடியாமல் போனதும் ஊர் திரும்பி, ஒரு தனியார் பள்ளியில் கணக்கு ஆசிரியையாகச் சேர்ந்தார். எழுதுவதை மட்டும் விடவில்லை. விநோதமும் குறும்பும் கலந்த, யாரையும் புண்படுத்தாத நகைச்சுவைதான் இவருடைய வகை. முதல் ஸ்கிரிப்ட்டில், ஏற்காடு ஏறும் கடைசி பஸ் ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் ஒரு பயணிக்குத் தான் சொல்லிவந்த பொய்யை மறக்கடித்துவிடுகிறது. 20 வளைவு, 20 பொய். இரண்டாவது ஸ்கிரிப்ட்டில், செத்துப்போன தாத்தா ரேஷன் கார்டிலிருந்து தன் பெயரை நீக்கவிடாமல் அடம்பிடிக்கிறார். மாதம் தவறாமல் கடை வரிசையில் வந்து நிற்கிறார்.

பஸ் கதைக்கு 2022 மார்ச்சில் ஒரு தயாரிப்பாளர் கையெழுத்து வாங்கினார். மொத்தம் 5 லட்சம், அட்வான்ஸ் 75,000. கைக்கு வந்தது 67,500. "உலகம் முழுவதற்கும், எல்லா உரிமைகளும், நிரந்தரமாக" என்று அக்ரிமென்ட் சொல்கிறது. அந்த ஜூனில் ஒருவர் லொக்கேஷன் பார்க்க ஏற்காடு வந்து போனார். அதன் பிறகு சத்தமே இல்லை. தாத்தா கதையை ஓர் இயக்குநரிடம் இரண்டரை மணி நேரம் உட்கார்ந்து சொன்னார். போன மாதம் வந்த ஒரு வெப் சீரிஸ் டீசரில், ஆவியான ஒரு தாத்தா அரசு அலுவலகத்தில் ஆயுள் சான்றிதழ் கேட்டு நிற்கிறார். இதற்கிடையில் வேறொரு நிறுவனம் மாதம் 60,000 சம்பளத்தில் எழுத்தாளர் குழுவில் சேரக் கூப்பிடுகிறது.

"பஸ் கதை வாழ்நாள் முழுக்க அவரிடமே மாட்டிக்கொண்டதா? தாத்தா கதைக்கு நான் காப்புரிமை வைத்திருக்கிறேன், எனக்கு நானே ரிஜிஸ்டர் தபால் அனுப்பிப் பிரிக்காமல் வைத்திருக்கிறேன், கேஸ் போடலாமா? பள்ளி வேலையை விடலாமா? இந்த மாதிரி கதைக்கெல்லாம் மார்க்கெட் இல்லை, குடும்பக் கதை எழுது என்கிறார்கள். இதில் பிழைக்க முடியுமா?" இவைதான் அவருடைய கேள்விகள்.

அன்புள்ள சகோதரி,

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். முதல் முறை வக்கீலாகப் படிக்க முடியவில்லை. ஏழாவது வளைவில் கண்டக்டர், தான் எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் என்று மனைவியிடம் சொன்ன பொய்யை மறந்துவிட்டு டிக்கெட் கொடுக்கும் இடத்தில் நிறுத்திவிட்டேன். அந்த ஒரு சீனை வைத்தே உங்கள் கேள்விகளுக்குப் பதில் சொல்லலாம் என்று தோன்றுகிறது.

ஒரு சின்ன வார்த்தைத் திருத்தம். காப்புரிமை என்பது கண்டுபிடிப்புகளுக்கு; எழுத்துக்குப் பதிப்புரிமை. பத்திரிகைகளிலேயே இரண்டையும் கலந்து எழுதுவதால் குழப்பம் இயல்புதான். ஆனால் நோட்டீஸிலும் விண்ணப்பத்திலும் சரியாக எழுத வேண்டும். உங்களுக்குப் பொருந்துவது 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம். அதில் 2012-இல் வந்த திருத்தம் எழுத்தாளர்களுக்குப் பெரிய துணை.

பஸ் இன்னும் உங்களுடையதாக இருக்கலாம்

"நிரந்தரமாக" என்ற சொல்லைப் பார்த்ததும் கதை கைவிட்டுப் போனது என்று முடிவு கட்டிவிட்டீர்கள். அவசரப்பட வேண்டாம். அந்தச் சட்டத்தின் 19(4) பிரிவைச் சொல்கிறேன். உரிமையை எழுதி வாங்கியவர் ஓராண்டுக்குள் அதைப் பயன்படுத்தாவிட்டால், அந்த ஒப்படைப்பு காலாவதியானதாகக் கருதப்படும். ஒப்பந்தத்திலேயே வேறுவிதமாகச் சொல்லியிருந்தால்தான் விலக்கு. விவரம் தெரிந்த தயாரிப்பு நிறுவனங்கள் "பிரிவு 19(4) பொருந்தாது" என்று ஒரு வரி சேர்த்துவிடுவார்கள். நீங்கள் அனுப்பிய நகலில் இருக்கும் பக்கங்களை வரி வரியாகப் பார்த்தேன். அப்படி ஒரு வரி இல்லை.

இருந்தாலும் வழக்கு ஜெயித்துவிட்டதாக நினைக்க வேண்டாம். எதிர்த்தரப்பு இரண்டு விஷயங்களைச் சொல்லலாம். ஒன்று, "நிரந்தரமாக" என்று எழுதியதே வேறுவிதமாகச் சொன்னதுதான் என்பது. என் பார்வையில் அது உரிமை எவ்வளவு காலத்துக்கு என்பதைச் சொல்லும் வார்த்தை; பயன்படுத்தாமல் போட்டு வைத்தால் என்ன ஆகும் என்பதைப் பற்றி அது பேசவில்லை. ஆனால் நீதிபதி அப்படித்தான் படிப்பார் என்று நான் உறுதி தர முடியாது. இன்னொன்று, 2022 ஜூனில் ஆள் அனுப்பி லொக்கேஷன் பார்த்ததே உரிமையைப் பயன்படுத்தியதுதான் என்பது. ஒருவர் வந்து ஏரியையும் லேடீஸ் சீட் என்ற காட்சி முனையையும் போட்டோ எடுத்துப் போனதைப் படத் தயாரிப்பு என்று சொல்வது கடினம். ஆனாலும் அவர் வந்த தேதி, யார் அனுப்பினார்கள், என்ன பேசினீர்கள் என்பதை நினைவு இருக்கும்போதே எழுதி வையுங்கள்.

ஆகவே இன்னொருவருக்கு அந்தக் கதையை இப்போதே விற்காதீர்கள். முதலில் ஒரு வக்கீல் நோட்டீஸ்: ஓராண்டு 2023 மார்ச்சில் முடிந்துவிட்டது, ஒப்படைப்பு காலாவதியாகிவிட்டது, 30 நாளில் எழுத்துப்பூர்வமாக விடுவிப்புக் கடிதம் தரவும் என்று. சினிமாக்காரர்கள் என்.ஓ.சி. என்று சொல்வது இதைத்தான். அட்வான்ஸைத் திருப்பித் தர வேண்டுமா என்று கேட்கிறீர்கள். அந்தப் பிரிவு அப்படிச் சொல்லவில்லை. உங்கள் அக்ரிமென்ட்டில் நான் பார்த்த பக்கங்களிலும் அதற்கான ஷரத்து இல்லை. ஆனால் நடைமுறையில், நாளை வேறொரு தயாரிப்பாளர் கிடைத்தால் அந்தச் சம்பளத்திலிருந்து ஒரு பங்கைத் தருகிறேன் என்று சொன்னால் என்.ஓ.சி. சீக்கிரம் வரும். இரண்டு வருடம் கோர்ட்டுக்கு நடப்பதைவிட அந்தத் தொகை மலிவு.

அந்த 7,500 ரூபாயைத் தயாரிப்பாளர் ஏமாற்றிவிட்டதாக எழுதியிருக்கிறீர்கள். அநேகமாக அது 10 சதவீத டி.டி.எஸ்., அதாவது பணம் தரும்போதே பிடிக்கும் வருமான வரியாக இருக்கும். உங்கள் பான் எண்ணை வைத்து வருமான வரித் தளத்தில், உங்கள் பெயரில் பிடித்த வரியைக் காட்டும் 26ஏஎஸ் படிவத்தை எடுத்துப் பாருங்கள். அதில் இருந்தால் பணம் போகவில்லை. அதைத் திரும்பப் பெற வழியுண்டா என்று ஓர் ஆடிட்டரிடம் கேளுங்கள். இன்னொரு நன்மையும் இருக்கிறது: இன்ன நிறுவனம் உங்களுக்கு இன்ன தேதியில் பணம் கொடுத்தது என்பதற்கு அரசாங்கப் பதிவு கிடைக்கிறது. அதில் இல்லை என்றால், நோட்டீஸில் இன்னொரு பத்தி சேர்த்துக்கொள்ளலாம்.

தாத்தா கதை: இங்கேதான் நான் உங்களுக்கு மாறுபடுகிறேன்

உங்கள் கோபம் புரிகிறது. இரண்டரை மணி நேரம் ஒருவர் முன்னால் நடித்துக் காட்டிய கதை வேறொரு இடத்தில் முளைத்தால் யாருக்கும் வயிறு எரியும். ஆனால் சட்டம் என்ன காக்கிறது என்பதை நேராகச் சொல்ல வேண்டிய கடமை எனக்கு இருக்கிறது. செத்தவர் அரசு ஆவணத்தில் உயிரோடு இருக்க அடம்பிடிப்பது ஒரு கருத்து. கருத்துக்குப் பதிப்புரிமை கிடையாது.

இதில் இன்றும் வழிகாட்டும் தீர்ப்பு 1978-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1950-களில் டெல்லியில் ஒரு நாடக ஆசிரியர், மேடையில் வெற்றி பெற்ற தன் நாடகத்தை ஒரு சினிமா இயக்குநருக்குச் சொல்லிக் காட்டினார். 1956-இல் அதே கருத்தை மையமாக வைத்து அந்த இயக்குநரின் படம் வந்தது. வேறு மாநிலத்தவரிடம் காட்டும் பாகுபாடுதான் இரண்டிலும் கரு. நாடக ஆசிரியர் உச்ச நீதிமன்றம் வரை போய்த் தோற்றார். கரு, கதைக்களம், பொருள் ஆகியவை யாருக்கும் தனிச்சொத்து ஆகாது. அதை வெளிப்படுத்திய விதத்தைப் பெருமளவில் நகல் எடுத்தால்தான் மீறல். இரண்டையும் பார்த்த ஒருவருக்கு இது அதன் நகல்தான் என்று தயக்கமில்லாமல் தோன்ற வேண்டும். இதுதான் அந்தத் தீர்ப்பின் சாரம்.

உங்கள் வகை எழுத்துக்கு இது கொஞ்சம் கூடுதலாகவே கடினமானது. குடும்பக் கதையின் ஒன்லைனை, அதாவது ஒரு வரிச் சுருக்கத்தைக் கேட்டால் யாருக்கும் ஒன்றும் தோன்றாது. விநோதக் கதையின் ஒன்லைனைக் கேட்டதும் சிரிப்பு வருகிறது. கேட்டவர் மனதில் ஒட்டிக்கொள்கிறது. அவரே யோசித்ததுபோல அவருக்கே தோன்றிவிடுகிறது. எளிதில் திருடு போவதும் சட்டம் கைகொடுக்காததும் ஒரே இடமாக இருப்பது வருத்தமான விஷயம்தான். ஆனால் நான் சிரித்தது உங்கள் ஒன்லைனைப் படித்தபோது இல்லை. கண்டக்டர் மீதிச் சில்லறையை எண்ணிக்கொண்டே "நான் எட்டாவதுதான்மா" என்று சொல்லும் இடத்தில். இன்னொருவர் அதே பஸ்ஸை எடுத்தாலும் அந்தக் கண்டக்டரும் அந்தச் சில்லறையும் அந்த நேரமும் வராது. சட்டமும் அதைத்தான் உங்கள் சொத்து என்கிறது.

அதனால் 40 விநாடி டீசரை வைத்து வழக்குப் போட வேண்டாம். உங்களுடையது ரேஷன் கார்டு, அவர்களுடையது ஆயுள் சான்றிதழ். தாத்தா, ஆவி, அரசு அலுவலகம் ஆகிய மூன்றும் பொதுச்சொத்து. தொடர் வெளிவந்ததும் ஒரு நோட்டோடு உட்காருங்கள். இடது பக்கம் உங்கள் சீன், வலது பக்கம் அவர்களுடையது. ஆவியின் கைரேகை விழாமல் இயந்திரம் திணறும் காட்சி இருக்கிறதா? பின்னால் நிற்பவர் தாத்தாவுக்குள் புகுந்து பை நீட்டுவது இருக்கிறதா? முக்கியமாக, கதைக்குத் தேவையே இல்லாத விவரங்களும் நீங்கள் செய்த தவறுகளும் ஒத்துப்போகின்றனவா? இயக்குநருக்கு நீங்கள் மின்னஞ்சலில் அனுப்பிய 14 பக்கச் சுருக்கத்தில் தாத்தா இறந்த கிழமையை இரண்டு இடத்தில் இரண்டு விதமாக எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தவறு அங்கேயும் இருந்தால், எந்தச் சாட்சியும் அதற்கு ஈடாகாது.

அதுவரை சும்மா இருக்கவும் கூடாது. தாமதம் இடைக்காலத் தடை கேட்பவருக்குப் பாதகம். இன்ன தேதியில் இன்ன இயக்குநரிடம் கதை சொன்னேன், இன்ன தேதியில் சுருக்கத்தை மின்னஞ்சல் செய்தேன், உங்கள் தொடரின் ஸ்கிரிப்ட்டை ஒப்பிட்டுப் பார்க்கச் சம்மதமா என்று, குற்றம் சாட்டாமல் ஒரு கடிதம் அனுப்பலாம். குற்றம் சாட்டாமல் என்பதை அழுத்திச் சொல்கிறேன். ஆதாரமில்லாமல் மிரட்டினால், அப்படி மிரட்டப்பட்டவர் உங்கள் மேல் வழக்குப் போட 60-ஆவது பிரிவு இடம் தருகிறது. ஃபேஸ்புக்கில் "திருட்டுக் கதை" என்று எழுதுவது அவதூறு வழக்கில் கொண்டுபோய் விடும். நாலு பேர் உசுப்பிவிடுவார்கள். சம்மன் வரும்போது கூட நிற்க மாட்டார்கள்.

இன்னொரு வழியும் இருக்கிறது. நம்பிக்கையின் பேரில் சொன்ன கதையைச் சொன்னவரின் அனுமதி இல்லாமல் பயன்படுத்துவது நம்பிக்கை மீறல். பதிப்புரிமையிலிருந்து இது தனியான வாதம். 2003-இல் பம்பாய் உயர் நீதிமன்றம் ஒரு டி.வி. தொடரின் கருத்துருவைப் பற்றிய வழக்கில் இதை ஏற்றுக்கொண்டது. ஆனால் அங்கே எழுதிக் கொடுத்த கான்செப்ட் நோட் இருந்தது. உங்களுக்கு அந்த 14 பக்க மின்னஞ்சல் இருக்கிறது. அதுதான் உங்கள் பலம்.

எழுத்தாளர் சங்கத்தில் புகார் செய்யலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். சென்னையில் உள்ள தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் உறுப்பினராகிக் கதையைப் பதிவு செய்வது நல்லது. 2018 தீபாவளிக்கு வந்த ஒரு பெரிய படத்தின் விவகாரத்தில் இரண்டு கதைகளும் ஒத்துப்போகின்றன என்று சங்கம் சொன்னதும், உயர் நீதிமன்றத்தில் சமரசமாகி எழுதியவருக்கு அங்கீகாரம் கிடைத்ததும் உங்களுக்குத் தெரியும். சங்கத்தின் கருத்துக்கு மதிப்பு உண்டு. நீதிமன்ற ஆணையின் பலம் கிடையாது.

தபால் உறையும் மற்ற ஆதாரங்களும்

உங்களுக்கு நீங்களே அனுப்பிய ரிஜிஸ்டர் தபால் பதிப்புரிமை தராது. அது இல்லாவிட்டாலும் உங்களுக்குப் பதிப்புரிமை உண்டு. எழுதிய கணத்திலேயே அது பிறந்துவிட்டது. நிரூபிப்பதுதான் பிரச்சினை. ஒட்டாத உறையை முதலிலேயே அனுப்பிவிட்டுப் பிறகு தாளைச் செருகி ஒட்டலாமே என்று எதிர்த்தரப்பு கேட்கும். ஆனாலும் பிரிக்காதீர்கள், பீரோவில் இருக்கட்டும். பதிப்புரிமை அலுவலகத்தில் இலக்கியப் படைப்பாகப் பதிவு செய்ய 500 ரூபாய்தான் கட்டணம். ஆன்லைனிலேயே செய்யலாம். பதிவுச் சான்று முதல்நிலை ஆதாரமாக ஏற்கப்படும். இரண்டு ஸ்கிரிப்ட்டுகளையும் இந்த மாதமே பதிவு செய்யுங்கள்.

வாட்ஸ்அப் செல்லாது என்று யாரோ உங்களுக்குச் சொல்லியிருக்கிறார்கள். செல்லும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாட்சிய சட்டத்தின் 63-ஆவது பிரிவின்படி சான்றிதழோடு தாக்கல் செய்ய வேண்டும், அவ்வளவுதான். உதவி இயக்குநர் அனுப்பிய "அக்கா, தாத்தா கதை சாருக்கு ரொம்பப் பிடிச்சிருச்சு" என்ற குரல் செய்தி இருக்கும் போனை எக்ஸ்சேஞ்சில் போட்டுவிடாதீர்கள்.

வழக்கு என்று வந்தால் சென்னைக்கு அலைய வேண்டுமோ என்று பயப்படுகிறீர்கள். வேண்டாம். பதிப்புரிமை வழக்கை, வழக்குப் போடுபவர் குடியிருக்கும் மாவட்டத்திலேயே தொடர பதிப்புரிமைச் சட்டத்தின் 62-ஆவது பிரிவு அனுமதிக்கிறது. சேலம் அஸ்தம்பட்டி கோர்ட்டே போதும். அவசரத் தடை கேட்காத வணிக வழக்காக இருந்தால், தாக்கல் செய்யும் முன் சமரசப் பேச்சுக்குப் போவது கட்டாயம். அதை நடத்துவதும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுதான். அப்புறம், வக்கீல் செலவை நினைத்துத் தூங்கவில்லை என்று எழுதியிருந்தீர்களே, பெண்களுக்கு வருமான வரம்பு இல்லாமலே அங்கே இலவசச் சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணில் கூப்பிட்டாலும் வழி சொல்வார்கள்.

டைட்டில் கார்டில் விட்டுப்போன இரண்டு படங்களைப் பற்றி: படைப்பாளி என்று உரிமை கோர 57-ஆவது பிரிவு இருக்கிறது. ஆனால் இத்தனை வருடம் கழித்து, கையில் ஒரு தாள் இல்லாமல், அதன் பின்னால் போவது வீண் என்பது என் கருத்து. விட்டுவிடுங்கள்.

மாதச் சம்பள வேலை

நம் ஊருக்கு இது புதிதில்லை. ஏற்காடு சாலையில் இன்றும் நிற்கும் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைத் தாண்டித்தான் நீங்கள் அம்மா வீட்டுக்குப் போகிறீர்கள். டி.ஆர்.சுந்தரம் 1935-இல் தொடங்கிய அந்த நிறுவனம் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்தது. கலைஞர் மு.கருணாநிதி உட்பட எத்தனையோ பேர் இங்கே வந்து தங்கி வசனம் எழுதியிருக்கிறார்கள். எழுத்து ஒரு வேலையாக, சம்பளத்தோடு நடந்த ஊர் இது. ஆகவே அந்த அழைப்பைத் தாழ்வாக நினைக்க வேண்டியதில்லை.

ஆனால் சட்டப்படி ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. வேலை ஒப்பந்தத்தின் கீழ், வேலையின் பகுதியாக எழுதும் எதற்கும் முதல் உரிமையாளர் முதலாளிதான். 17-ஆவது பிரிவு அப்படிச் சொல்கிறது. வேறுவிதமாக எழுதிக்கொண்டால்தான் மாறும். எனவே கையெழுத்துக்கு முன் மூன்று விஷயங்களைக் கேளுங்கள். ஏற்கெனவே எழுதிய பஸ், தாத்தா உள்ளிட்ட ஸ்கிரிப்ட்டுகளின் பட்டியலை இணைப்பாகச் சேர்த்து, "இவை இந்த ஒப்பந்தத்தில் அடங்காது" என்று போடச் சொல்லுங்கள். வேலை நேரத்துக்கு வெளியே சொந்தமாக எழுதுவது உங்களுக்கே என்று ஒரு வரி. டைட்டிலில் பெயர் எந்த இடத்தில், எப்படி வரும் என்று ஒரு வரி. இந்த மூன்றையும் தர மறுக்கும் இடத்தில் 60,000 அதிகமான சம்பளம் இல்லை. திரையரங்கு அல்லாத பயன்பாடுகளுக்கு ராயல்டி பெறும் உரிமையை 2012 திருத்தம் எழுத்தாளருக்குத் தந்திருக்கிறது. வசனம் எழுதுகிறவர்கள் கையில் அது வந்து சேர்வது இன்னும் அரிது என்பதால், அதை நம்பி வீட்டு பட்ஜெட் போடாதீர்கள்.

பள்ளி வேலையை இப்போதே விட வேண்டாம். சேலத்திலிருந்தே எழுதி, மாதம் ஒரு வாரம் சென்னை வரலாமா என்று அந்த நிறுவனத்திடம் கேளுங்கள். பள்ளியில் சம்பளமில்லா விடுப்பு ஆறு மாதம் கிடைக்குமா என்று பாருங்கள். வேலை நியமன ஆணையில் வெளிவேலை கூடாது என்று இருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள். தமிழ் மேடையையும் சினிமாவையும் சிரிக்க வைத்த கிரேஸி மோகன், பொறியியல் படித்து வேலையில் இருந்துகொண்டே நாடகம் எழுதியவர். வேலை அவர் எழுத்தைக் கெடுக்கவில்லை. உங்கள் இருபது பொய்களில் பாதி ஸ்டாஃப் ரூமில் கிடைத்தவை என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

குடும்பக் கதைக்கு மாறச் சொல்கிறவர்களுக்கு என்னால் சட்டப் புத்தகத்திலிருந்து பதில் சொல்ல முடியாது. படிக்கிற ஒருத்தியாகச் சொல்கிறேன்: மாற வேண்டாம். பேயும் பஸ்ஸும் உங்கள் கையில் பொம்மையாகத் தெரியவில்லை, சொந்தக்காரர்கள்போல் இருக்கிறார்கள். இதை எழுதத் தெரிந்தவர்கள் குறைவு.

ஒரு விஷயம் மட்டும் என்னை உறுத்துகிறது. 20 வளைவு என்கிறீர்கள். அக்ரிமென்ட்டின் இணைப்பில் இருக்கும் பிரதி 14-ஆவது வளைவோடு நிற்கிறது. மீதி ஆறையும் வாயால் சொல்லியிருக்கிறீர்கள், எழுதவில்லை. வாயில் இருப்பதைக் கோர்ட்டில் காட்ட முடியாது. அக்ரிமென்ட்டின் நான்காம் பக்கம் நகலில் விட்டுப்போயிருக்கிறது. 19(4) பொருந்தாது என்றோ, அட்வான்ஸைத் திருப்பித் தர வேண்டும் என்றோ, பிற்பாடு எழுதும் பிரதிகளும் தயாரிப்பாளருக்கே என்றோ அதில் இருக்கிறதா என்று பார்த்து எனக்கு அனுப்புங்கள். அதற்குள் அந்த ஆறு வளைவுகளையும் எழுதி முடியுங்கள். என்.ஓ.சி. வரும்வரை யாருக்கும் காட்ட வேண்டாம்.